அச்சத்தின் வரலாறும் அறிவிப்பாளர் வரிசையும்

கண்ணால் காண்பதும் பொய், காதால் கேட்பதும் பொய், தீர விசாரிப்பதே மெய் என்பது நம் நாட்டுப் பழமொழி. வீட்டுக்கு வீடு திரை ஒளிரும் இந்நாளில் அதன் பொருள் முன்னினும் ஆழமாகிவிட்டது. ஏனெனில், ஆவணப்படம் என்னும் கலை கண்ணையும் காதையும் ஒருங்கே ஆட்கொள்கிறது. படம் கண்ணுக்குச் சாட்சியாக நிற்கிறது. பின்னணிக் குரல் காதுக்குச் சாட்சியாக நிற்கிறது. இரு சாட்சிகளும் ஒரே செய்தியைக் கூறும்போது விசாரிக்க வேண்டும் என்ற எண்ணமே நமக்குத் தோன்றுவதில்லை.

இந்தக் கலையில் நாற்பதாண்டுகளாக உழைத்து வருபவர் ஆடம் கர்ட்டிஸ். இங்கிலாந்தின் கென்ட் மாவட்டத்தில் 1955-இல் பிறந்தவர். ஆக்ஸ்ஃபோர்டில் மானிட அறிவியல் பயின்று, ஆராய்ச்சிப் படிப்பை இடையில் விடுத்து, பி.பி.சி. நிறுவனத்தில் சேர்ந்தவர். பி.பி.சி. என்றவுடன் நம்மவர் நினைவுக்கு வருவது தமிழோசைதான். 1941 முதல் 2017 வரை வானொலியில் ஒலித்த அந்தக் குரலைக் கேட்டபின் மறுகேள்வி கேட்கும் பழக்கம் நம் இல்லங்களில் பெரிதும் இருந்ததில்லை. கர்ட்டிஸின் படங்களில் ஒலிப்பதும் அதே நிறுவனத்தின் நிதானமான, ஐயமற்ற குரலே. அக்குரல் அவருடையது. உலகை ஆள்வோர் மக்களுக்குக் கதை சொல்லி ஏமாற்றுகின்றனர் என்பதையே அது நமக்குச் சொல்கிறது. இந்த முரணிலிருந்தே அவருடைய படைப்புகளை மதிப்பிடத் தொடங்கவேண்டும் என்பது நம் கருத்து.

அவருக்குப் புகழ் தேடித் தந்த முதல் பெருந்தொடர் 1992-இல் வெளிவந்த ‘பண்டோராஸ் பாக்ஸ்’. பண்டோராவின் பேழை எனலாம். விஞ்ஞானத்தைக் கொண்டு அரசியலை நடத்திவிடலாம் என்று இருபதாம் நூற்றாண்டு கண்ட கனவை ஆறு பகுதிகளில் அவர் ஆராய்ந்தார். ஒரு நாட்டின் பொருளாதாரம் முழுவதையும் கணக்கிட்டு இயக்க முயன்ற சோவியத் பொறியாளர்கள் ஒரு பகுதியில் வருகின்றனர். அணுஆயுதப் போரையும் சூதாட்டக் கணிதத்தில் அடக்க முயன்ற அமெரிக்க அறிஞர்கள் வேறொரு பகுதியில் வருகின்றனர். கொசுவை ஒழிக்க வந்த டி.டி.டி. மருந்தின் ஏற்றமும் வீழ்ச்சியும் பிறிதொரு பகுதி.

அவற்றுள் நம் நெஞ்சைத் தொடுவது கானா நாட்டைப் பற்றிய பகுதி. விடுதலை பெற்ற ஆப்பிரிக்காவின் முன்னோடித் தலைவர்களுள் ஒருவரான க்வாமே நக்ருமா, வோல்டா ஆற்றின் குறுக்கே அக்கோசோம்போ என்னுமிடத்தில் பேரணை ஒன்றை எழுப்பினார். மின்சாரம் வந்தால் தொழில் வளரும். தொழில் வளர்ந்தால் வறுமை தீரும் என்பது அவர் கண்ட கனவு. ஆனால், அணைக்குக் கடன் வேண்டும். கடனுக்கு மின்சாரத்தை வாங்குவோர் வேண்டும். வாங்க வந்த அமெரிக்க அலுமினிய நிறுவனமோ தன் நிபந்தனைகளோடு வந்தது. 1966 ஜனவரியில் அணை திறப்பு விழாக் கண்டது. அடுத்த மாதமே இராணுவம் நக்ருமாவின் ஆட்சியைக் கவிழ்த்தது. விஞ்ஞானம் தவறு செய்தது என்று கர்ட்டிஸ் கூறவில்லை. யாருக்கு எவ்வளவு என்னும் அறக்கேள்விக்கு விஞ்ஞானத்திடம் விடை கேட்பதே தவறு என்கிறார். இவ்வளவு தெளிவாக இதனைத் திரையில் காட்டியவர் அரியர்.

2002-இல் வந்த ‘தி செஞ்சுரி ஆஃப் த செல்ஃப்’ என்னும் தொடர், சிக்மண்ட் ஃபிராய்டின் உறவினரான எட்வர்ட் பெர்னேஸின் கதையிலிருந்து தொடங்குகிறது. மனிதனின் உள்மனத்தைப் பற்றிய ஆராய்ச்சி வணிகர் கையில் விளம்பரக் கருவியாகவும் ஆள்வோர் கையில் ஆட்சிக் கருவியாகவும் மாறிய வரலாற்றை அது சொல்கிறது. 1929-இல் நியூயார்க் நகர ஊர்வலத்தில் பெண்களைச் சிகரெட்டுடன் நடக்கவைத்து, புகைப்பதை விடுதலையின் சின்னமாக ஆக்கிய பெர்னேஸின் தந்திரத்தை அதில் கண்டவர், அதன்பின் விளம்பரம் ஒன்றைப் பழைய கண்ணோடு பார்க்கமாட்டார்.

இனி, நம் சமுதாயம் நேரடியாகத் தொடர்புற்ற படத்துக்கு வருவோம். 2004-ஆம் ஆண்டின் நிலைமையை நினைத்துப் பார்க்க வேண்டும். 2001 செப்டம்பர் 11 நிகழ்ச்சிக்குப்பின் உலகெங்கும் முஸ்லிம் என்ற பெயரே ஐயத்துக்கு உரியதாயிற்று. 2002 ஜனவரியில் குவாண்டனமோ சிறை திறக்கப்பட்டது. 2003 மார்ச்சில் இராக் மீது படையெடுப்பு நடந்தது. பேரழிவு ஆயுதங்கள் இருப்பதாகக் கூறிச் சென்றவர்கள் அவற்றைக் கண்டெடுக்கவில்லை. அந்த வேளையில், பிரிட்டனின் பொதுத் தொலைக்காட்சியிலேயே ‘தி பவர் ஆஃப் நைட்மேர்ஸ்’ என்னும் மூன்று பகுதித் தொடர் ஒளிபரப்பாயிற்று. முன்னாளில் தலைவர்கள் நல்ல உலகம் ஒன்றைத் தருவதாக மக்களுக்கு வாக்களித்தனர். அந்தக் கனவு பொய்த்தபின், கொடுங்கனவுகளிலிருந்து காப்பதாக வாக்களிக்கின்றனர். கொடுங்கனவு பெரிதாகப் பெரிதாக அவர்தம் அதிகாரமும் பெரிதாகிறது என்பது அதன் மையக் கருத்து.

இத்தொடரில் இரு கதைகள் இணையாக ஓடுகின்றன. ஒன்று எகிப்திய எழுத்தாளர் சையித் குதுபிடம் தொடங்குவது. மற்றது சிக்காகோவில் அரசியல் தத்துவம் போதித்த லியோ ஸ்ட்ராஸிடம் தொடங்குவது. தடையற்ற தன்னலம் சமுதாயத்தை அரித்துவிடும் என்று இருவரும் அஞ்சினர். அவர்கள் வழிவந்த இரு சிறுகூட்டங்களும் ஒன்றையொன்று பகைத்துக்கொண்டே ஒன்றையொன்று வளர்த்தன என்கிறார் கர்ட்டிஸ். 1976-இல் அமெரிக்காவில் அமைக்கப்பட்ட ‘பி குழு’ என்னும் ஆய்வுக் குழுவின் கதை அதில் மறக்கவொண்ணாத பகுதி. சோவியத் நாட்டிடம் நீர்மூழ்கிக் கப்பல்களைக் கண்டறியும் ஒரு கருவிமுறை இருப்பதற்கான சான்று எதுவும் அக்குழுவுக்குக் கிடைக்கவில்லை. அப்படியாயின், எவராலும் கண்டுபிடிக்க இயலாத உயர்ந்த முறை ஒன்று அவர்களிடம் இருக்கலாம் என்ற திசையில் அவர்களுடைய வாதம் சென்றது! சாட்சி இல்லாமையே சாட்சியாகிவிட்ட இந்த விந்தையை எடுத்துக்காட்டியபோது, இராக்கின் கதை அதிலேயே அடங்கியிருப்பதைப் பார்த்தவர்கள் உணர்ந்தனர்.

இத்தொடர் நம் மக்களுக்குச் செய்த நன்மையை மறுப்பதற்கில்லை. அச்சம் தானாக முளைப்பதன்று. அதனை விதைப்போர் உண்டு, நீர் ஊற்றுவோர் உண்டு, அறுவடை செய்வோரும் உண்டு என்று, அந்த அச்சம் நிலவிய நாட்டிலிருந்தே ஒருவர் எழுந்து சொன்னது துணிவான செயல்.

ஆயினும், நமக்கு ஆறுதல் தந்தது என்பதற்காக ஒரு படைப்பின் குறைகளைக் காணாது விடுவது திறனாய்வு ஆகாது. அல்-காயிதா என்பது உலகெங்கும் கட்டுக்கோப்புடன் பரவிய ஒரே அமைப்பு என்னும் சித்திரம் பெரிதும் கற்பனை என்பதே கர்ட்டிஸின் வாதம். ஆபத்தே இல்லை என்று அவர் கூறவில்லை. எனினும், படத்தின் தொனி அந்த வேறுபாட்டை மங்கச் செய்தது. 2005 ஜூலை 7 அன்று லண்டன் இரயில்களிலும் பேருந்திலும் குண்டுகள் வெடித்து 52 பேர் மாண்டபோது, படத்தை ஆறுதலாக எடுத்துக்கொண்டவர்கள் வாயடைத்து நின்றனர். சையித் குதுபின் சித்திரமும் அத்தகையதே. அவர் முதலில் இலக்கியத் திறனாய்வாளர். இளம் எழுத்தாளராயிருந்த நஜீப் மஹ்ஃபூஸின் நாவல்களைத் தொடக்கத்திலேயே இனங்கண்டு பாராட்டியவர்களுள் ஒருவர். பின்னாளில் திருமறைக்கு விரிவுரை எழுதியவர். அவருடைய சிந்தனையை ஏற்பவரும் மறுப்பவரும் நம்மிடையே உண்டு. ஆனால், அமெரிக்கப் பயணம், சிறைக் கொடுமை, 1966-இல் தூக்குமேடை என்னும் மூன்று படிகளில் அந்த வாழ்வைச் சுருக்கி, அங்கிருந்து நியூயார்க் கோபுரங்கள் வரை ஒரு கோடு இழுப்பது வரலாற்றைக் கதையாக்குவதாகும்.

இங்கே நம் முன்னோர் வகுத்த அளவுகோல் ஒன்று நமக்குக் கைகொடுக்கிறது. நபிமொழிகளைத் திரட்டிய பேரறிஞர்கள், ஒரு செய்தி அழகாயிருக்கிறது, நெஞ்சை உருக்குகிறது, நம் கொள்கைக்கு இசைகிறது என்பதற்காக அதனை ஏற்றுக்கொண்டாரல்லர். யார் சொன்னார், அவர் யாரிடம் கேட்டார், இருவரும் சந்தித்ததுண்டா, அவர் நினைவாற்றல் எத்தகையது என்று இஸ்னாத் எனப்படும் அறிவிப்பாளர் வரிசையைக் கண்ணி கண்ணியாகச் சோதித்தனர். இமாம் புகாரி (ரஹ்) போன்றோரின் உழைப்பெல்லாம் இச்சோதனையே. நல்லடியார் ஒருவர் அறிவித்திருந்தாலும், ஒரு கண்ணி அறுந்திருந்தால் அதனை ளயீஃப் என்று ஒதுக்கும் துணிவு அவர்களுக்கு இருந்தது. அவர்கள் மிகுதியும் எச்சரித்தது, பள்ளிவாசல்களில் அமர்ந்து மக்களை அழவைத்த கதைசொல்லிகளைப் பற்றியே. குஸ்ஸாஸ் எனப்பட்ட அக்கதைசொல்லிகளைக் குறித்து, ஹிஜ்ரி 597-இல் மறைந்த பக்தாத் அறிஞர் இப்னுல் ஜவ்ஸி (ரஹ்) தனி நூலே எழுதினார். அவரே பெருங்கூட்டத்தைக் கட்டிப்போடும் நாவன்மை உடையவர். ஆகவே, கதையின் ஆற்றலையும் அறிந்திருந்தார், அதன் ஆபத்தையும் அறிந்திருந்தார்.

கர்ட்டிஸ் நம் காலத்தின் ஆற்றல்மிக்க குஸ்ஸாஸ் ஒருவர் என்றே தோன்றுகிறது. பி.பி.சி. யின் பழம்படக் களஞ்சியத்திலிருந்து துண்டுகளை எடுத்து, இசையோடு தொடுத்து, மேலே தம் குரலை ஓடவிடுகிறார். ஒரு துண்டு எங்கே, யாரால், எதற்காக எடுக்கப்பட்டது என்பது பலவேளை நமக்குத் தெரிவதில்லை. மதன் எனப்படும் செய்தி இருக்கிறது, இஸ்னாத் இல்லை.

2015-இல் வெளிவந்த ‘பிட்டர் லேக்’ என்னும் இரண்டேகால் மணி நேரப் படத்தில் இந்தக் கலையின் உச்சத்தையும் குறையையும் ஒருங்கே காணலாம். கசப்பு ஏரி என்பது சூயஸ் கால்வாய்ப் பாதையிலுள்ள நீர்நிலை. 1945 பிப்ரவரி 14 அன்று அமெரிக்கக் குடியரசுத் தலைவர் ரூஸ்வெல்ட்டும் சவூதி மன்னர் அப்துல் அஸீஸும் அங்கே போர்க்கப்பல் ஒன்றில் சந்தித்தனர். எண்ணெயும் பாதுகாப்பும் கைமாறிய அந்த உறவின் விளைவுகளைப் பின்தொடர்ந்து, படம் ஆப்கானிஸ்தானத்தில் வந்து நிற்கிறது. அங்கே ஹெல்மந்த் பள்ளத்தாக்கில், 1946 முதல் ஓர் அமெரிக்கக் கட்டுமான நிறுவனம் கால்வாய்களையும் அணைகளையும் அமைத்தது; கஜகி அணை 1953-இல் முடிந்தது. பாலை சோலையாகும் என்றனர். ஆனால், நிலத்தடி நீர் மேலேறி உப்பு பூத்தது; பயிர் பட்டது. உவர் மண்ணிலும் விளையக்கூடிய அபினிச் செடி பிற்காலத்தில் அந்த நிலத்தைப் பிடித்துக்கொண்டது. 2006-இல் அங்கு வந்து இறங்கிய பிரிட்டிஷ் படைகள், யார் யாருக்குப் பகை என்பதே விளங்காமல், ஊர்ப்பூசல்களில் கருவியாயின. கானாவின் அணையைப் பற்றிப் பேசிய அதே கலைஞர், இருபத்துமூன்று ஆண்டுகளுக்குப் பின் மீண்டும் ஓர் அணையின் முன் வந்து நிற்பது தற்செயலன்று. விஞ்ஞானம், வரலாறு, அதிகாரம் மூன்றும் சந்திக்கும் இடமாகவே அவர் அணைகளைக் காண்கிறார். 2021 ஆகஸ்ட் 15-இல் காபூல் மீண்டும் தாலிபான் வசமானதைக் கண்டபின் அப்படத்தைப் பார்ப்போருக்கு, அது முன்னறிவிப்புப் போலவே தோன்றும்.

செய்தியாளர்கள் பயன்படுத்தாது விட்ட நீண்ட காட்சிகளை இப்படத்தில் கர்ட்டிஸ் வெட்டாமல் ஓடவிடுகிறார். படைவீரன் ஒருவனின் கையில் ஒரு பறவை அச்சமின்றி அமர்ந்திருக்கிறது. ஆப்கன் பெண்களுக்கு ஐரோப்பிய நவீனக் கலையைப் போதிக்க வந்த ஓர் ஆசிரியை, மார்செல் டூஷாம்ப் கலைப்பொருளென்று காட்சிக்கு அனுப்பிய சிறுநீர்க் கலத்தின் படத்தைக் காட்டி விளக்குகிறார். கேட்போரின் முகங்களைப் பார்த்தால் நமக்குச் சிரிப்பும் வருகிறது, வேதனையும் வருகிறது. பிறிதொரு காட்சியில், போரில் உறுப்பிழந்த சிறுமி ஒருத்தி தந்தையின் அருகே இருக்கிறாள். காமிரா நெடுநேரம் அவளையே நோக்குகிறது. பார்ப்பவர் கண்ணீரை அடக்குவது அரிது.

கண்ணீர் வற்றியபின் ஒரு கேள்வி எழுகிறது. அச்சிறுமி யார்? எந்தக் குண்டு, யாருடைய குண்டு அவளைத் தாக்கியது? அவள் தந்தை என்ன சொல்ல விரும்பினார்? அவர்களுடைய கதையைப் படம் நமக்குச் சொல்லவில்லை. மன்னரும் தூதரும் தளபதியும் செயற்படும் வரலாற்றில், ஆப்கன் குடும்பம் துயரத்தின் உருவமாக மட்டும் வந்து போகிறது. அவ்வாறே, பற்பல நாடுகளின் சமய வரலாறுகளையும் ‘வஹ்ஹாபியம்’ என்ற ஒரே சொல்லின் தலையில் படம் ஏற்றிவிடுகிறது. தாலிபான் உலமாக்கள் பலர் பயின்ற தேவ்பந்த் பாடத்திட்டம் 1866-இல் நம் இந்திய மண்ணில் தோன்றியது. அதன் வேர் வேறு, வழி வேறு. முஸ்லிம்களைப் பற்றிய எளிய கதைகளை எதிர்க்க வந்தவரே முஸ்லிம்களைப் பற்றி எளிய கதை சொல்வது வருந்தத்தக்கது.

மறு ஆண்டு, 2016-இல் வந்த ‘ஹைப்பர்நார்மலைசேஷன்’ படத்தில் இக்குறை மேலும் துலங்குகிறது. லிபியாவின் கடாஃபியை மேலை அரசுகள் தம் தேவைக்கேற்ப ஒருநாள் அரக்கனாகவும், மறுநாள் நண்பனாகவும், மீண்டும் அரக்கனாகவும் மாற்றிய கதையை அப்படம் மிகச் சிறப்பாகச் சொல்கிறது. ஆனால், தற்கொலைத் தாக்குதலின் தோற்றத்தைச் சொல்ல வருமிடத்தில், இரான், சிரியா, லெபனானின் ஹிஸ்புல்லாஹ், பலஸ்தீனின் ஹமாஸ் என்று ஒரே நேர்கோட்டை வரைகிறது. தமிழறிந்த எவரும் இவ்விடத்தில் நிமிர்ந்து உட்காருவர். 1987 ஜூலை 5-இல் யாழ்ப்பாணத்து நெல்லியடியிலும், 1991 மே 21-இல் நம் ஸ்ரீபெரும்புதூரிலும் நடந்தவை அந்தக் கோட்டில் எங்கே அடங்கும்? 1985-இல் லெபனானிலேயே மதச்சார்பற்ற கட்சியினர் நடத்திய தாக்குதல்கள் எங்கே அடங்கும்? அந்தக் கொடிய ஆயுதம் எந்த ஒரு சமயத்தின் வழிச்சொத்துமன்று. இதனை விட்டுவிட்டு வரைந்த கோடு, கர்ட்டிஸ் எந்த அச்சத்தைக் களைய முற்பட்டாரோ அந்த அச்சத்துக்கே உரமாகும்.

இக்குறைகளை அவரே உணர்ந்தாரோ என்று எண்ணத் தூண்டுவது அவருடைய அண்மைக்காலப் போக்கு. சோவியத் வீழ்ச்சியைச் சொல்லும் ‘டிராமாஸோன்’ என்னும் ஏழு பகுதித் தொடர் 2022-இல் வெளிவந்தது. அதில் அவருடைய குரல் இல்லை. உணர்ச்சியைக் கிளறச் சேர்த்த இசையும் இல்லை. இடமும் காலமும் சுட்டும் சுருக்கமான எழுத்துகள் மட்டுமே திரையில் வருகின்றன. கடையில் வரிசையில் நிற்கும் மூதாட்டியும், மாஸ்கோ வீதியில் கார்களின் கண்ணாடியருகே நின்று கையேந்தும் சிறுமியும் தாமே தம் நிலையை உணர்த்துகின்றனர். பிரிட்டனின் அண்மை வரலாற்றைக் கூறும் 2025-ஆம் ஆண்டின் ‘ஷிஃப்ட்டி’ தொடரிலும் அவர் குரலை ஒதுக்கிவிட்டார். எதைக் காட்டுவது, எதை விடுவது என்ற தேர்வு இன்னும் அவர் கையில்தான் இருக்கிறது என்பது உண்மை. ஆயினும், எல்லாம் அறிந்த குரல் ஒதுங்கியவுடன் பார்ப்பவருக்கு ஐயுறும் உரிமை திரும்பக் கிடைக்கிறது. நாற்பதாண்டு உழைப்பில் அவர் அடைந்த மேலான நிலை இதுவே என்று துணிந்து கூறலாம்.

ஆகவே, இப்படங்களைப் பார்க்க வேண்டாம் என்பது நம் கருத்தன்று. வளர்ந்த பிள்ளைகளோடு அமர்ந்து பார்க்கவேண்டும், பார்த்தபின் பேசவேண்டும். இதைச் சொல்பவர் யார், எங்கிருந்து அறிந்தார், இப்படத்தில் வாய் திறக்காதவர் யார் என்னும் மூன்று கேள்விகளை அவர்கள் கேட்கப் பழகினால் அதுவே பெரும் பயன்.

இறுதியாக, நம்மை நோக்கியும் ஒரு சொல். நமக்குப் பகையான செய்தி வரும்போது நாம் ஆயிரம் சான்று கேட்கிறோம். நமக்கு இனிய செய்தி வரும்போதோ, வல்லரசுகளின் சதியை அம்பலப்படுத்தும் கதை ஒன்று கைப்பேசியில் வந்து விழும்போதோ, அதன் வேரைத் தேடாமல் பத்துப் பேருக்கு அனுப்பிவிடுகிறோம். கொண்டுவரப்படும் செய்தியைத் தெளிவாக விசாரித்துக்கொள்ளும்படி திருமறையின் அல்-ஹுஜுராத் அத்தியாயம் போதிப்பதில், கசப்பான செய்திக்கு ஒரு சட்டமும் இனிப்பான செய்திக்கு வேறு சட்டமும் இல்லை. தமக்கு உவப்பான செய்தியையும் கண்ணி கண்ணியாகச் சோதித்த பெரியோரின் வழிவந்தவர்கள் நாம். ஆடம் கர்ட்டிஸின் படங்கள் நமக்குப் பிடித்திருப்பதே அவற்றை நாம் கூடுதலாகச் சோதிப்பதற்குப் போதிய காரணம்.